பெயரை விட்டுச் சென்ற கதைகள்: ஹெல்லா வுவோலியோக்கியின் நாடகமும் திரையும்

முன்னுரை

திரைப்பட வரலாறு பெரும்பாலும் நடிகர்களின் வரலாறாகவும் இயக்குநர்களின் வரலாறாகவுமே எழுதப்பட்டு வந்துள்ளது. கதைக்கும் உரையாடலுக்கும் உரியவரின் பெயர் படத்தின் தொடக்கத்தில் ஒரு நொடி தோன்றி மறைவதோடு சரி. அந்த ஒரு நொடியில் தோன்றும் பெயரும் உண்மைப் பெயராக இல்லாவிடில், அக்கதையின் வரலாற்றை எங்கிருந்து தேடத் தொடங்குவது?

பின்லாந்தின் நாடகாசிரியரும் அந்நாட்டுத் திரைப்படங்கள் பலவற்றின் கதைமூலவருமான ஹெல்லா வுவோலியோக்கியின் (1886–1954) வாழ்க்கை இவ்வினாவை நம்முன் வைக்கிறது. அவர் எழுதிய நாடகங்கள் பின்லாந்தில் மீண்டும் மீண்டும் திரைப்படங்களாயின. அவற்றுள் ஒன்று அமெரிக்காவுக்குச் சென்று, அதில் நடித்தவருக்கு ஆஸ்கார் விருதைப் பெற்றுத் தந்தது. அவர் வரைந்து வைத்திருந்த மற்றொரு கதை பெர்டோல்ட் பிரெக்டின் புகழ்பெற்ற நாடகங்களுள் ஒன்றாயிற்று. ஆயினும் இம்மூன்று இடங்களிலும் அவர் பெயர் பின்னுக்கே சென்றது. முதலிடத்தில் அதை அவரே மறைத்துக்கொண்டார். இரண்டாம் இடத்தில் புனைபெயரே உண்மைப் பெயராக நின்றுவிட்டது. மூன்றாம் இடத்தில் ஒரு பெரும் பெயரின் நிழல் அதன்மேல் விழுந்தது. பெயர் மறைந்தபோது கதையிலிருந்தும் ஏதேனும் மறைந்ததா என்று காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

எஸ்டோனிய மண்

ஹெல்லா பிறப்பால் பின்லாந்தைச் சேர்ந்தவர் அல்லர். அன்று ரஷ்யப் பேரரசின் ஆட்சியிலிருந்த எஸ்டோனியாவின் தெற்குப் பகுதியில், வால்கா வட்டாரத்தில், 1886ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் நாள் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் எல்லா மரியா முர்ரிக். தார்த்து நகரில் பள்ளிக்கல்வி முடித்து, 1904இல் வளைகுடாவைக் கடந்து ஹெல்சிங்கிப் பல்கலைக்கழகத்திற்கு வந்தார். 1908இல் முதுகலைப் பட்டம் பெற்றபோது, எஸ்டோனியப் பெண்களுள் அப்பட்டம் பெற்ற முதல்வர் என்னும் பெருமை அவருக்கு வாய்த்தது. அதே ஆண்டில் சமூக ஜனநாயகக் கட்சியைச் சேர்ந்த சூலோ வுவோலியோக்கியை மணந்தார். 1923இல் அம்மணம் முறிந்தது. எனினும் கணவரின் குடும்பப் பெயர் அவரிடமே தங்கிவிட்டது.

அவர் ஹெல்சிங்கிக்கு வந்த மறு ஆண்டே அந்நகரை ஒரு பொதுவேலைநிறுத்தம் உலுக்கியது. அதன் விளைவாக 1906இல் பின்லாந்தில் புதிய நாடாளுமன்ற அமைப்பு உருவாயிற்று. ஆண், பெண் அனைவர்க்கும் வாக்குரிமையும் தேர்தலில் நிற்கும் உரிமையும் கிடைத்தன. 1907இல் நடந்த முதல் தேர்தலில் 19 பெண்கள் உறுப்பினர்களாயினர். உலகில் நாடாளுமன்றம் ஒன்றுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதற்பெண்கள் இவர்களே. இருபது வயது மாணவியாக ஹெல்லா கண்ணெதிரே கண்ட வரலாறு இது. முப்பது ஆண்டுகள் கழித்து அவர் படைத்த பாத்திரம் ஒன்றின் வித்து இங்கே விழுந்தது எனலாம்.

பல்கலைக்கழகத்தில் அவர் ஈடுபாட்டுடன் பயின்றவற்றுள் நாட்டுப்புற வழக்காறும் ஒன்று. எஸ்டோனியாவின் பழம்பாடல்கள் பெரும்பாலும் பெண்கள் பாடியவை. எட்டசை கொண்ட அடிகளும், அடிக்குள் அமைந்த மோனையும், முன்னடி சொன்னதைப் பின்னடி வேறு சொல்லால் மீண்டும் சொல்லும் இணைவும் அவற்றின் இலக்கணம். முதல் உலகப்போர்க் காலத்தில் ஹெல்லா இப்பாடல்களிலிருந்து அடிகளைத் தேர்ந்து கோத்து, ‘போர்ப்பாட்டு’ என்னும் நெடும்பாடலை உருவாக்கினார். அதன் அடிகள் ஊர்ப் பெண்களுக்கு உரியவை; கோவை மட்டுமே அவருடையது. பெயரில்லாப் பெண்களின் குரலைத் தொகுப்பதில் தொடங்கிய எழுத்து வாழ்க்கை இது. பின்னாளில் தம் பெயரையே கழற்றி வைக்க அவர் அவ்வளவாகத் தயங்கவில்லை என்பதை இதனோடு சேர்த்து எண்ணுதல் வேண்டும்.

1912இல் அவர் எஸ்டோனிய மொழியில் எழுதிய ‘பண்ணையின் பிள்ளைகள்’ என்னும் நாடகத்தை ஜார் அரசின் அதிகாரிகள் தடைசெய்தனர். அதன்பின் நெடுங்காலம் அவர் எழுத்தை முதன்மைத் தொழிலாகக் கொள்ளவில்லை. வணிகத்தில் இறங்கி, மரவணிகத்தில் பெரும்பொருள் ஈட்டி, 1920இல் கௌசலா என்னும் ஊருக்கருகே மார்லெபெக் என்ற பண்ணையை வாங்கினார். இடதுசாரிச் சிந்தனையாளரும் வெளிநாட்டுத் தூதுவரும் வந்துபோகும் வீடாக அவர் வீடு விளங்கியது. இவர் தங்கை சால்மே, ‘இன்றைய இந்தியா’ என்னும் நூலால் நம் நாட்டு வாசகர் அறிந்த ரஜனி பாமி தத்தை மணந்தவர். ஆங்கிலத்தில் கவிதை எழுதியவர். இரு சகோதரியரின் வாழ்க்கையையும் இணைத்து, ஹெல்லாவின் மகள்வழிப் பேரரும் பின்லாந்தின் வெளியுறவு அமைச்சராக இருந்தவருமான எர்க்கி துவோமியோயா பின்னாளில் ஒரு நூல் எழுதினார்.

ஆண்பெயர்

1930களின் தொடக்கத்தில் உலகைத் தாக்கிய பொருளாதார வீழ்ச்சியில் ஹெல்லாவின் தொழில்களும் சரிந்தன. வணிகம் கைவிட்ட நிலையில் அவர் மீண்டும் எழுதுகோலை எடுத்தார். ஆனால் காலம் அவருக்கு உகந்ததாக இல்லை. 1918இல் பின்லாந்தில் வெள்ளையருக்கும் செம்படையினருக்கும் இடையே நடந்த உள்நாட்டுப் போரின் காயம் இன்னும் ஆறவில்லை. லாபுவா இயக்கம் எனப்பட்ட வலதுசாரி எழுச்சி நாட்டையே அச்சுறுத்தியது. 1930இல் கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான சட்டங்கள் நிறைவேறின. இச்சூழலில் 1933இல் உள்நாட்டுப் போரைப் பொருளாகக் கொண்டு அவர் படைத்த ‘சட்டமும் ஒழுங்கும்’ அரசியல் எதிர்ப்புக்கு உள்ளாயிற்று.

மூன்று ஆண்டுகள் கழித்து, 1936இல், ‘நிஸ்கவுவோரிப் பெண்கள்’ என்னும் நாடகம் ஹெல்சிங்கி மக்கள் அரங்கில் ஏய்னோ சால்மெலாய்னெனின் இயக்கத்தில் மேடையேறியது. ஆசிரியர் பெயர் யுஹானி தெர்வபா என்று இருந்தது. ‘தெர்வ’ என்பது பைன் மரத்திலிருந்து வடிக்கும் தார். ‘பா’ என்பது தலை. நாட்டுப்புறத்து ஆண்மகன் ஒருவனின் வாடை வீசும் பெயர் இது. நாடகம் பெருவெற்றி பெற்றது.

பெண் எழுத்தாளர் ஆண்பெயர் பூணுவது உலக இலக்கியத்தில் புதிதன்று. எனினும் ஹெல்லா மறைக்க வேண்டியிருந்தது பெண் என்னும் ஒன்றை மட்டுமன்று. அவர் இடதுசாரி, அதனால் ஐயத்திற்குரியவர். அயல்மண்ணில் பிறந்தவர், அதனால் பின்லாந்து உழவர் வாழ்வைச் சொல்லும் உரிமை உடையவரா என்ற வினாவுக்கும் உரியவர். இம்மூன்று அடையாளங்களையும் ஒரே பெயர் ஒருங்கே துடைத்தது. பார்வையாளர் முற்சாய்வின்றி நாடகத்தைக் கேட்டனர். புனைவேடம் நெடுநாள் நிலைக்கவில்லை. ஆசிரியர் யாரென்பது வெளிப்படவே செய்தது. ஆயினும் அதற்குள் நாடகம் தன் இடத்தைப் பெற்றுவிட்டது. இங்கே பெயர் மறைந்ததால் கதை இழந்தது எதுவுமில்லை. தன் செவியைப் பெற்றது.

நிஸ்கவுவோரி இல்லம்

நிஸ்கவுவோரி என்பது ஹேமே வட்டாரத்துப் பழம்பெரும் பண்ணைவீடு ஒன்றின் பெயர். சூலோவின் குடும்பத்தார் வாழ்ந்த ஹௌஹோப் பகுதிப் பண்ணையே இதற்கு மாதிரி என்பர். வாரிசான ஆர்னே மணமானவன். ஊர்ப்பள்ளிக்கு இலோனா என்னும் இளம் ஆசிரியை வருகிறாள். இருவரிடையே காதல் தோன்றுகிறது. ஊர்த் தொலைபேசி இணைப்பகத்தில் அமர்ந்திருக்கும் பெண்ணின் செவிக்குத் தப்பி அவ்வூரில் எந்தக் காதலும் வளர முடியாது. இறுதியில் இலோனா ஊர்ப் பெரியவர்முன் தன் நடத்தைக்கு விடைசொல்ல நேர்கிறது. ஆர்னே நிலத்தை விட்டு அவளோடு செல்கிறான்.

கதையை இவ்வளவில் சுருக்கினால் காதல் கதையாகவே தோன்றும். ஆனால் நாடகத்தின் மையம் காதலர் அல்லர். ஆர்னேயின் தாய் லோவீசா. அவள் மகனின் காதலை எதிர்ப்பது கொடுமையினால் அன்று. நிலம் என்பது தன் வாழ்க்கை முழுவதையும் விலையாகக் கொடுத்து அவள் காத்த பொருள். அவள் கொடுத்த விலை என்ன என்பதை ஹெல்லா நான்கு ஆண்டுகள் கழித்து, 1940இல், ‘நிஸ்கவுவோரியின் இளைய தலைவி’ என்னும் நாடகத்தில் சொன்னார். அந்நாடகம் லோவீசாவின் இளமைக்குத் திரும்புகிறது. அவள் கொண்டுவந்த செல்வத்துக்காகவே கணவன் யுஹானி அவளை மணந்தான் என்பதும், அவ்வீட்டிலேயே அவன் வேறொருத்தியை நேசித்தான் என்பதும் அதில் வெளிப்படுகின்றன. முதல் நாடகத்தில் கடுமையின் உருவாக நின்ற மூதாட்டியை மூன்றாம் நாடகத்தில் புண்பட்ட இளம்பெண்ணாக நாம் சந்திக்கிறோம். பின்னால் எழுதியது முன்னால் எழுதியதன் பொருளை மாற்றுகிறது. இதுவே நிஸ்கவுவோரி வரிசையின் தனிச்சிறப்பு.

இவ்வரிசையில் ஐந்து நாடகங்கள் உள்ளன: ‘நிஸ்கவுவோரிப் பெண்கள்’ (1936), ‘நிஸ்கவுவோரி ரொட்டி’ (1938), ‘நிஸ்கவுவோரியின் இளைய தலைவி’ (1940), ‘நிஸ்கவுவோரி ஹேட்டா’ (1950), ‘இனி என்ன, நிஸ்கவுவோரி?’ (1953). எழுதிய வரிசையில் மூன்றாவதாக அமைந்த இளைய தலைவியின் கதை, கதைக்காலத்தில் பிறவற்றுக்கு முந்தியது. ஹேட்டா, யுஹானியின் தங்கை. செருக்கு மிக்க அவள், சூழ்நிலையால் பண்ணையாள் ஒருவனுக்கு மனைவியாகிறாள். அவன் உழைத்து உயர்ந்த பின்பும் அவனைத் தனக்கு நிகராக எண்ண அவள் மனம் இடந்தரவில்லை. நிலவுடைமையின் பெருமிதம் ஒரு பெண்ணின் உள்ளத்தை எவ்வாறு வறளச் செய்கிறது என்பதற்கு இதனினும் நல்ல சான்று காண்பதரிது.

இந்நாடகங்கள் திரைக்குச் சென்ற வரலாறு பின்லாந்துத் திரைப்பட வரலாற்றின் ஒரு பெரும்பகுதி. ‘நிஸ்கவுவோரிப் பெண்கள்’ 1938இல் வாலென்டின் வாலாவின் இயக்கத்தில் சுவோமி-ஃபில்மி நிறுவனத்தின் படமாக வந்தது. அதே இயக்குநர் 1958இல் அதை மீண்டும் எடுத்தார். இளைய தலைவியின் கதை 1946இல் ‘லோவீசா’ என்னும் பெயரில் அவர் இயக்கத்திலேயே வெளிவந்தது. ‘ஹேட்டா’ (1952), ‘நிஸ்கவுவோரியின் ஆர்னே’ (1954), ‘நிஸ்கவுவோரி போராடுகிறது’ (1957) ஆகியவற்றை எட்வின் லாய்னே இயக்கினார். 1984இல் மட்டி காசிலா மீண்டும் ‘நிஸ்கவுவோரி’யைப் படமாக்கினார். அரை நூற்றாண்டுக்காலம் ஒரு வீட்டின் கதையை ஒரு நாடு திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தது. 1938இல் மகன் ஆர்னேயாக நடித்த தௌனோ பாலோ, 1946இல் அவன் தந்தை யுஹானியாக நடித்தார். தந்தையின் பிழையே மகனிடம் மீண்டும் பிறக்கிறது என்று நாடகங்கள் உணர்த்தியதைத் திரை ஒரே முகத்தால் உணர்த்திவிட்டது.

குடிசையிலிருந்து நாடாளுமன்றம்

ஹெல்லாவின் படைப்புகளுள் முதலில் திரைக்கு வந்தது நிஸ்கவுவோரி அன்று, ‘யூரக்கோ ஹுல்டா’. 1937இல் நாடகமாகவும் அதே ஆண்டில் வாலாவின் இயக்கத்தில் படமாகவும் வந்தது. ஹுல்டாவாக நடித்தவர் இர்மா செய்க்குலா. வீட்டின் பெயரை ஆளின் பெயருக்கு முன்னே வைத்து வழங்குவது பின்லாந்து நாட்டுப்புற வழக்கு. யூரக்கோ என்பது ஹுல்டாவின் குடிசைக்குரிய பெயர். வேர்க்கட்டை என்னும் பொருளை உடையது.

நாட்டுப்புறத்திலிருந்து வேலைதேடி ஹெல்சிங்கி வந்த ஹுல்டா, ஓர் இரவில் பூங்காவில் நாடாளுமன்ற உறுப்பினர் சிலரின் கண்ணில் படுகிறாள். அவர்களுள் ஒருவராகிய நீதிபதி சொராட்டியேயின் வீட்டில் பணிப்பெண்ணாகச் சேர்கிறாள். பகலில் வேலை, இரவில் கல்வி. ஆண்டுகள் கழிகின்றன. சமையலறையிலிருந்து விருந்தினர் கூடத்து விவாதங்களைக் கேட்டுக்கொண்டிருந்தவள், அவ்விவாதங்களில் தானும் பேசத்தக்கவளாகிறாள். அவள் கற்றதை எவரும் கவனிக்கவில்லை. கற்றுவிட்டாள் என்பது தெரியவந்தபோது வீடே திகைக்கிறது.

இக்கதை பின்லாந்து மக்களுக்குக் கனவாகத் தோன்றியிராது. மீனா சில்லன்பா என்னும் பெண்மணியை அவர்கள் அறிவார்கள். 1866இல் ஏழை உழவர் குடும்பத்தில் பிறந்து, பன்னிரண்டு வயதில் ஆலை வேலைக்குச் சென்று, பின் வீட்டுப் பணிப்பெண்ணாக உழைத்து, பணிப்பெண்களுக்கென்று சங்கம் நடத்தியவர் அவர். 1907இல் தேர்ந்தெடுக்கப்பட்ட 19 பெண்களுள் ஒருவர். 1926இல் பின்லாந்தின் முதற்பெண் அமைச்சரானவர். பணிப்பெண் நாடாளுமன்றம் புகுவது அந்நாட்டில் நடந்து முடிந்த வரலாறு. எனவே ‘யூரக்கோ ஹுல்டா’ நகைச்சுவையாக அமைந்தபோதும் அதன் நகை, பணிப்பெண்ணின் உயர்வைப் பற்றியதன்று. அவ்வுயர்வைக் காண மறுக்கும் படித்த வீட்டாரைப் பற்றியது.

கடல் கடந்த ஹுல்டா

அமெரிக்காவில் இந்நாடகத்தின் உரிமை பெறப்பட்டு, ஆலன் ரிவ்கினும் லாரா கெர்ரும் திரைக்கதை எழுத, எச்.சி. பாட்டர் இயக்கத்தில், ‘உழவனின் மகள்’ என்னும் பொருள்படும் தலைப்பில் 1947இல் படம் வெளிவந்தது. முதலில் இங்க்ரிட் பெர்க்மனுக்கென்று எண்ணிய வேடத்தில் லொரெட்டா யங் நடித்தார். 1948ஆம் ஆண்டு மார்ச் மாதம் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் விருது அவருக்குக் கிடைத்தது. பின்னர் 1963 முதல் 1966 வரை தொலைக்காட்சித் தொடராகவும் இக்கதை ஓடியது.

ஹுல்டா இப்போது கேட்டி. மின்னசோட்டா மாநிலத்தில் குடியேறிய ஸ்வீடன் வம்சாவளிக் குடும்பத்தின் மகள். செவிலியர் பயிற்சிக்காக நகரம் புறப்பட்டவள், வழியில் ஒருவனிடம் பணத்தை இழந்து, அரசியல் செல்வாக்குள்ள குடும்பமொன்றில் பணிப்பெண்ணாகிறாள். அரசியல் கூட்டமொன்றில் அச்சமின்றி அவள் கேட்கும் வினாக்கள் எதிர்க்கட்சியின் கவனத்தை ஈர்க்க, அவளே வேட்பாளராகிறாள். அவதூறுகளை வென்று தேர்ந்தெடுக்கப்படுகிறாள். படம் விறுவிறுப்பும் நயமும் உடையது என்பதில் ஐயமில்லை.

ஆனால் இரண்டையும் அடுத்தடுத்து வைத்து நோக்கினால் வேறுபாடு புலனாகும். ஹுல்டா ஆண்டுக்கணக்கில் கற்று உயர்ந்தவள். கேட்டியோ இயல்பான நேர்மையால் உயர்பவள். ஹுல்டாவின் இரவுக்கல்வி இருந்த இடத்தில் கேட்டியின் உழவர்குடி நற்பண்பு அமர்ந்துகொண்டது. கற்றால் எவளும் ஹுல்டா ஆகலாம். கேட்டியாகவோ பிறந்திருக்க வேண்டும். இறுதிக் காட்சி இன்னும் கூர்ந்து நோக்கத்தக்கது. கேட்டி, தான் வென்ற மன்றத்தின் வாயிலைத் தன் காலால் கடப்பதில்லை. புதுமணத் துணைவன் அவளைத் தூக்கிக்கொண்டு வாயிலைக் கடக்கிறான். மணமகளைத் தூக்கிக்கொண்டு புதுவீடு புகுவது மேலைநாட்டு வழக்கம். அதைக் கொண்டு இன்பமாகப் படத்தை முடித்தனர். ஆயினும் மக்கள் வாக்கால் நுழைந்தவளைக் கணவன் கையால் நுழைந்தவளாக அக்காட்சி ஆக்கிவிடுகிறது.

படத்தின் மூலநாடகத்துக்கு உரியவராகக் காட்டப்பட்டவர் யுஹானி தெர்வபாவே. பழைய ஆங்கிலத் திரைப்படக் குறிப்புகளில் அப்பெயரும் ‘யுஹ்னி தெர்வதா’ என்று சிதைந்து கிடக்கிறது. புனைபெயரின் பிழைவடிவத்திற்குப் பின்னே ஓர் எஸ்டோனியப் பெண் இருந்தாள் என்பதை அரங்கில் சிரித்துக் களித்தவருள் எத்தனை பேர் எண்ணியிருக்க முடியும்?

அந்த ஆண்டையும் நினைவிற் கொள்ளல் வேண்டும். 1947 அக்டோபரில் அமெரிக்க நாடாளுமன்றக் குழு ஒன்று ஹாலிவுட் எழுத்தாளர்களை அழைத்து, நீ கம்யூனிஸ்டா என்று விசாரித்தது. விடைகூற மறுத்த பதின்மர் பின்னர்ச் சிறை சென்றனர். இடதுசாரியின் எழுத்து திரையில் நுழைந்துவிட்டதா என்று அவ்வளவு விழிப்பாகத் தேடிய அதே ஆண்டில், தேசத் துரோகக் குற்றத்துக்கு வாழ்நாள் சிறை பெற்று மீண்ட ஓர் இடதுசாரிப் பெண்ணின் கதை அமெரிக்க ஜனநாயகத்தின் புகழ்ப்பாட்டாக அந்நாட்டு அரங்குகளில் ஓடியது. மறைந்த பெயர் கதைக்குக் காவலாக நின்றது. அதற்குரிய கூலியாகக் கதையின் வரலாற்றைப் பிடுங்கிக்கொண்டது.

மார்லெபெக்கின் கோடை

அக்குழுவின்முன் 1947 அக்டோபர் 30ஆம் நாள் நின்று விடைகூறி, மறுநாளே ஐரோப்பா திரும்பியவர் பிரெக்ட். ஏழு ஆண்டுகளுக்கு முன் அவர் ஹெல்லாவின் விருந்தினர். ஹிட்லரின் படைகள் வடக்கே பரவிய 1940 ஏப்ரலில், ஹெல்லாவின் அழைப்பின்பேரில் அவர் குடும்பத்தோடு பின்லாந்து வந்தார். உடன்வந்தவருள் அவர் துணைவி ஹெலெனே வைகலும் எழுத்துத் துணையான மார்கரெட்டே ஸ்டெஃபினும் இருந்தனர். அமெரிக்காவுக்கு நுழைவனுமதி எதிர்நோக்கியிருந்த அக்கோடையை அவர்கள் மார்லெபெக்கில் கழித்தனர்.

ஹெல்லா கதைசொல்வதில் வல்லவர். பிர்ச் மரங்கள் சூழ்ந்த அப்பண்ணையில், இருளாத கோடை இரவுகளில், அவர் சொன்ன ஹேமே வட்டாரக் கதைகளை பிரெக்ட் வியந்து கேட்டார். அவ்வியப்பைத் தம் நாட்குறிப்பிலும் பதிந்தார். குடித்திருக்கும்போது மனிதனாகவும் தெளிந்திருக்கும்போது கொடியவனாகவும் வாழும் நிலக்கிழார் ஒருவரைப் பற்றி ஹெல்லாவிடம் ‘மரத்தூள் இளவரசி’ என்னும் வரைவு இருந்தது. அப்பாத்திரத்திற்கு அவர் நேரில் அறிந்த மனிதரே மூலம். அவ்வாண்டில் பின்லாந்தில் அறிவிக்கப்பட்ட நாட்டுப்புற நாடகப் போட்டிக்காக இருவரும் சேர்ந்து அதை உருமாற்றினர். பரிசு கிடைக்கவில்லை. ஜெர்மன் வடிவம் ‘திருவாளர் புந்திலாவும் அவர் ஆள் மட்டியும்’ எனப் பெயர்பெற்றது. ஹெல்லாவின் பின்னிய வடிவம் இருவர் பெயரோடும் 1946இல் நூலாக வந்தது.

பிரெக்டின் நாடகம் 1948 ஜூன் மாதம் சூரிச் நகரில் அரங்கேறியது. 1949இல் பெர்லினர் ஆன்சாம்பிள் குழு தன் பயணத்தை இதனோடுதான் தொடங்கியது. 1955இல் ஆல்பெர்டோ கவல்கான்டி இதைத் திரைப்படமாக்கினார். ஹெல்லாவின் கதைகளையும் ஒரு நாடக வரைவையும் தழுவியது என்னும் குறிப்பு நூலில் உண்டு. ஆனால் பிரெக்டின் நாடகம் என்றே உலகம் அதை வழங்குகிறது.

இதில் குற்றம் சாட்டுவது எளிது. நியாயமாக எடைபோடுவது அரிது. பிரெக்ட் எடுத்ததோடு நில்லாமல் மாற்றவும் செய்தார். ஒரு மனிதனின் இரட்டைக் குணம் என்று இருந்ததை, முதலாளி நல்லவனாக இருக்க விரும்பினாலும் இருக்க முடியாது என்னும் சமூக உண்மையாக அவர் ஆக்கினார். நாடகம் அதனால் கூர்மை பெற்றது. அதே வேளையில் ஹெல்லாவின் தலைப்பில் நின்றவள் ஓர் இளவரசி, நிலக்கிழாரின் மகள்; பிரெக்டின் தலைப்பில் நிற்பவர் இரு ஆடவர். நிஸ்கவுவோரியில் ஒரு வீட்டை அதன் பெண்களின் கண்ணால் கண்ட ஆசிரியையின் பார்வை இங்கே இடம்பெயர்ந்துவிட்டது. கொண்டது சிறிதா கொடுத்தது சிறிதா என்னும் வழக்குக்கு இத்தலைப்பு மாற்றம் ஒரு நல்ல சாட்சி.

சிறையும் வானொலியும்

1939–40 குளிர்காலப் போரில் பின்லாந்தும் சோவியத் ஒன்றியமும் மோதியபோது, ஹெல்லா ஸ்டாக்ஹோம் சென்று அங்கிருந்த சோவியத் தூதர் அலெக்சாந்திரா கொல்லொன்தாயைச் சந்தித்து, அமைதிப் பேச்சுக்கு வழிதிறந்தார். 1940 மார்ச்சில் போர் முடிந்தது. அடுத்த போரின்போது, 1942இல் வான்குடையில் வந்திறங்கிய சோவியத் உளவாளி கெர்த்து நுவோர்தெவாவுக்கு இடமளித்தார் என்று குற்றம் சாட்டப்பட்டு, 1943இல் வாழ்நாள் சிறைத்தண்டனை பெற்றார். சிறையில் அவர் எழுதிய நினைவுச் சித்திரங்கள் ‘நான் கைதியாக இருக்கவில்லை’ என்று பொருள்படும் தலைப்பில் 1944இல் வெளியாயின. அவ்வாண்டு செப்டம்பரில் போர்நிறுத்தம் வந்தது, ஹெல்லாவும் விடுதலையானார்.

1945இல் பின்லாந்து வானொலியின் தலைமை இயக்குநர் பொறுப்பு அவரிடம் வந்தது. 1946 முதல் 1948 வரை நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். ஹுல்டா புகுந்த மன்றத்தில் ஹுல்டாவைப் படைத்தவரும் புகுந்தார். தொழிலாளர் குடும்பம் ஒன்றின் அன்றாட வாழ்வைச் சொல்லும் வானொலித் தொடர் நாடகத்தையும் எழுதினார். வானொலியைச் சிவப்பாக்குகிறார் என்று எதிர்ப்பு வலுத்தது. வானொலி நிர்வாகக் குழுவைத் தேர்ந்தெடுக்கும் உரிமையை நாடாளுமன்றத்திற்கு அளிக்கும் சட்டம் 1948இல் நிறைவேறியது. 1949இல் அவர் பதவி இழந்தார். அச்சட்டத்தை மக்கள் ‘ஜாவெட்டி சட்டம்’ என்றனர். ஜாவெட்டி என்பது அதற்காக வாதாடியவர் போர்க்காலத்தில் வானொலியில் பூண்டிருந்த புனைபெயர். புனைபெயரால் உயர்ந்தவரை ஒரு புனைபெயரே வீழ்த்தியது என்பது வரலாற்றின் விளையாட்டு.

பதவி போனபின் மீண்டும் நிஸ்கவுவோரிக்கே திரும்பினார். ‘ஹேட்டா’வும் இறுதி நாடகமும் இக்காலத்தவை. 1954 பிப்ரவரி 2ஆம் நாள் ஹெல்சிங்கியில் மறைந்தார்.

நிறைவாக

படைப்பு நிலைத்தால் போதும், படைத்தவர் பெயர் எதற்கு என்று கேட்போர் உண்டு. கவிஞருள்ளும் அவ்வாறு கூறுவோர் பலர். பெருந்தன்மையான கூற்று. ஆனால் ஹெல்லாவின் வாழ்வு அதை முழுமையாக ஏற்க விடவில்லை.

தாமே மறைத்த பெயரால் அவர் இழந்தது குறைவு. ஏனெனில் அப்போது கதை அவர் கையிலேயே இருந்தது. பிறர் கைக்குச் சென்ற கதையில் பெயர் மறைந்தபோதோ கதையின் காரணமும் உடன் மறைந்தது. ஹுல்டா ஏன் கற்றாள் என்பதற்கு விடை 1906இன் வாக்குரிமையிலும் மீனா சில்லன்பாவின் வாழ்க்கையிலும் இருக்கிறது. ஆசிரியையின் பெயரைப் பற்றிக்கொண்டு பின்னே செல்பவருக்கே அவ்விடை அகப்படும். பெயர் புகழுக்கான அணிகலன் அன்று. கதை எந்த மண்ணில், எவர் துயரில், எந்த உரிமையின் வெளிச்சத்தில் பிறந்தது என்று தேடிச் செல்வோருக்கு அது வழி. வழி அடைபட்டால் கதை அனாதையாகும். அனாதைக் கதையை எவரும் தம் விருப்பப்படி வாயிலுக்குள் தூக்கிச் செல்லலாம்.

எழுதுவோர் கூடியிருக்கும் வட்டத்தின் மலரில் இதைச் சொல்லும் தேவை உண்டு என்று கருதுகிறேன். பிறர் படைப்பைத் தழுவுகிறோம். மேடைக்கும் திரைக்கும் மாற்றுகிறோம். பாடியவர் பெயர் அறியாத நாட்டுப்பாடலின் அடியை நம் கவிதைக்குள் இழைக்கிறோம். அவை குற்றமல்ல, இலக்கியம் வளரும் வழியே அதுதான். எங்கிருந்து பெற்றோம் என்று சொல்லிவிடுதல் மட்டும் நம்மிடம் எஞ்சியிருக்கும் கடன். பெயரறியாப் பெண்களின் பாட்டைக் கோத்த ஹெல்லா, அதை எஸ்டோனிய மக்களின் போர்ப்பாட்டு என்றே விட்டுச் சென்றார். தமக்குக் கிடைக்காத நீதியைத் தம் முன்னோர்க்கு அவர் முன்னமே வழங்கியிருந்தார்.